மன்னர் எக்பெர்ட்டின் குடிமகன்

சுபானியும் நானும் ஸ்டுட்கார்ட்டில் ஒரே டிப்போவில் ட்ராம் ஓட்டுகிறோம். அவள் அதிகம் கதைக்காதவள். கணவன் லோறன்ஸ் இறந்து ஒரு கோடைகாலம் கழிந்த பிறகுதான், வேலைமுறை மாறும் இடைவெளிகளில், துண்டு துண்டாக எனக்கு இதைச் சொல்லத் தொடங்கினாள். அவர்கள் வீட்டில் பேசியது ஜேர்மன். அவள் எனக்குச் சொன்னது தன்னுடைய யாழ்ப்பாணத் தமிழில். ஆகவே இதில் வருகிற ஜேர்மன்காரர்கள் எல்லோரும் யாழ்ப்பாணத் தமிழ்தான் பேசுவார்கள். மாற்றி எழுத எனக்கு மனம் வரவில்லை.

சுபானி பதினொரு வயதில் தாயோடும் அக்கா கமலநாயகியோடும் இந்த நாட்டுக்கு வந்தவள். அகதி விண்ணப்பத்தை ஏற்கவில்லை. திருப்பி அனுப்பவும் இல்லை. சில மாதங்களுக்கு ஒருமுறை போய் நீட்டிக்க வேண்டிய ஒரு தாளோடு அவளுடைய பள்ளிக்கூடக் காலம் முழுவதும் போனது. வகுப்புப் பிள்ளைகள் எல்லோரும் எல்லை தாண்டி ஸ்ட்ராஸ்பூர்க்குக்குச் சுற்றுலா போன நாளில் அவள் மட்டும் இன்னொரு வகுப்பில் உட்கார்ந்து கணக்குச் செய்தாள். குடியுரிமை கிடைத்தபோது அவளுக்கு இருபத்தைந்து வயது.

அந்த வருடம்தான் லோறன்ஸ் அவர்களுடைய வீட்டு ஹைசுங்கைத் திருத்த வந்தான். வீடுகளைச் சூடாக்கும் கருவிகளைப் பொருத்துவதும் பழுது பார்ப்பதும் அவனுடைய தொழில். தனியாளாக ஒரு வான் வண்டி வைத்து ஓடித் திரிந்தான். சுபானியின் தாய் அவனுக்குத் தேநீரும் வடையும் கொடுத்தார். அடுத்த கிழமை, பழுது ஏதும் இல்லாமலே, ஒருமுறை சரிபார்த்துவிட்டுப் போகிறேன் என்று வந்தான். அதற்கு அடுத்த கிழமையும் வந்தான். வெள்ளைக்காரனைக் கட்டுகிறாள் என்று தாய் கொஞ்சக் காலம் முகம் கொடுத்துப் பேசவில்லை. மீரா பிறந்ததும் அதுவும் தீர்ந்தது. நல்ல மனிதன் என்று சுபானி இன்றைக்கும் சொல்கிறாள். ஒரு நாளும் குரல் உயர்த்தியதில்லை. மீராவைச் சைக்கிள் பழக்கியதும் நீந்தப் பழக்கியதும் அவன்தான்.

அவனுக்கு ஒரு பைத்தியம் இருந்தது: பழைய அரச குடும்பங்கள். அவனுடைய ஊர் சுவாபிய மலைப்பக்கம். ஊருக்கு மேலே ஹோகன்லவுட்டர் என்ற சிற்றரசக் குடும்பத்தின் கோட்டை. லோறன்ஸின் பூட்டன் அந்தக் குடும்பத்துக்குக் குதிரை வண்டி ஓட்டியவர். அவருடைய படம், சீருடையும் சாட்டையுமாக, அவர்களுடைய வரவேற்பறையில் தொங்கியது. 1918 நவம்பரில் ஜேர்மனியில் இருந்த பேரரசரும் மன்னர்களும் கோமகன்களும் சில நாட்களுக்குள் ஒருவர் பின் ஒருவராக விழுந்த கதையை லோறன்ஸ் சலிக்காமல் சொல்லுவான். ஸ்டுட்கார்ட்டில் இருந்த மன்னர், கூட்டம் அரண்மனைக்குள் புகுந்து செங்கொடி ஏற்றிய அன்று மாலையே காரில் ஏறிப் போனவர், பிறகு இந்த நகரத்துக்குள் கால் வைக்கவே இல்லை என்று சொல்லும்போது அவன் கண் கலங்கும்.

“அவையும் எங்களை மாதிரி இடம்பெயர்ந்தவை எண்டு சொல்லுங்கோ,” என்பாள் சுபானி. அவன் சிரிப்பான். அந்தக் காலத்தில் இதெல்லாம் வீட்டுக்குள் ஒரு பகிடிதான்.

கொரோனா வந்தது. ஒருவரும் தங்கள் வீட்டுக்குள் வேற்றாளை விடவில்லை. லோறன்ஸுக்கு வேலை நின்றது. முதியோர் இல்லத்தில் இருந்த அவனுடைய தாய் அந்த முதல் வசந்தத்திலேயே இறந்துபோனார். கண்ணாடிக்கு வெளியே நின்று கை காட்ட மட்டும்தான் விட்டார்கள். சவப்பெட்டியைத் திறக்கவும் விடவில்லை. அதற்குப் பிறகு அவன் தொலைபேசியோடு உட்கார்ந்தான். முதலில் நோயைப் பற்றிய காணொளிகள். பிறகு அரசாங்கத்தைப் பற்றி. பிறகு அவனுக்கு மிகவும் பழக்கமான இடத்துக்கு, 1918க்கு, அவை அவனைக் கொண்டுபோய் விட்டன.

“பேரரசர் அண்டைக்குக் கையெழுத்து வைக்கேல்லை, சுபா. அவர் முடி துறந்திட்டார் எண்டு சான்சலர்தான் தன்ர பாட்டுக்கு அறிவிச்சது. அப்ப அதுக்குப் பிறகு வந்த ஒண்டும் செல்லாது. குடியரசும் செல்லாது, இப்ப இருக்கிற இந்த அரசாங்கமும் செல்லாது.”

“அவர் பிறகு கையெழுத்து வைச்சவர் எண்டு நீங்கள்தானே எனக்கு முந்திச் சொன்னது.”

“பிறகு வைச்சது வேற. நாடு கடந்து போயிருந்து வைச்சது. அது வற்புறுத்தல்.”

“சரி. அப்ப எங்கட கலியாணமும் செல்லாதோ? இந்த அரசாங்கத்தின்ர கந்தோரிலதானே பதிஞ்சது.”

அவள் பகிடியாகத்தான் கேட்டாள். அவன் கோப்பியைக் கீழே வைத்துவிட்டு யோசித்தான். “அதை நாங்கள் திருப்பிப் பதியலாம்,” என்றான். அந்தப் பதிலில்தான் இது இனிப் பகிடி இல்லை என்று தனக்கு முதன்முதலாக விளங்கியது என்றாள் சுபானி.

திருப்பிப் பதிகிற இடமும் ஒன்று இருந்தது. துரிங்கன் காட்டுப் பக்கத்தில், கிழக்கு ஜேர்மனிக் காலத்தில் தொழிலாளர் விடுமுறைக்கு வந்து தங்கிய பெரிய கட்டடம் ஒன்றை வாங்கி, எக்பெர்ட் என்ற மனிதர் அதை ஐக்கன்லாண்ட் முடியரசு என்று அறிவித்திருந்தார். முன்னர் சவுனா அறைகள் விற்றவர். தேவாலயம் போல அலங்கரித்த சாப்பாட்டு மண்டபத்தில், ஆட்கள் பார்த்திருக்க, தன் தலையில் தானே முடி வைத்துக்கொண்டவர். விழுந்த முடியாட்சிகளின் உரிமை எல்லாம் வாரிசுகள் கைவிட்டதால் தன்னிடம் வந்து சேர்ந்துவிட்டது என்பது அவருடைய வாதம். அவருடைய ராச்சியத்துக்கு அடையாள அட்டை இருந்தது, முத்திரை இருந்தது, சொந்த மருத்துவ நிதியும் இருந்தது.

ஒரு நாள் காலை லோறன்ஸ் கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டு நகர அலுவலகத்துக்குப் போய், தன்னுடைய ஜேர்மன் அடையாள அட்டையையும் பாஸ்போர்ட்டையும் மேசையில் வைத்தான். இப்படி வாங்க முடியாது என்று அங்கிருந்த பெண் பொறுமையாகச் சொல்லியிருக்கிறாள். அவன் வைத்துவிட்டு வந்துவிட்டான். சில நாளில் இரண்டும் தபாலில் வீட்டுக்குத் திரும்பி வந்தன. கடித உறையைப் பிரித்தது சுபானி.

“பிரிச்சுப் போட்டு அந்தக் கதவடியிலேயே இருந்திட்டன். அம்மா அந்தக் கந்தோர் வாசலில எத்தினை தரம் அழுதிருக்கிறா தெரியுமோ. இவர் அதைக் கொண்டுபோய், கடையில பிடிக்காத சட்டையைத் திருப்பிக் குடுக்கிற மாதிரிக் குடுத்திட்டு வந்திருக்கிறார்.”

அவள் அன்றைக்கு அவனோடு சண்டை பிடிக்கவில்லை. இரண்டையும் தன் உடுப்புகளுக்குக் கீழே வைத்தாள். பிராங்பேர்ட்டில் இருக்கும் கமலநாயகி அக்காவுக்குத் தொலைபேசி எடுத்தாள்.

“பிள்ளையைக் கூட்டிக்கொண்டு இஞ்ச வா,” என்றாள் அக்கா.

“அவருக்கு வருத்தம் அக்கா. விட்டிட்டு வர ஏலாது.”

வருத்தம் என்றால் அவளுடைய தமிழில் நோய். அவள் சொன்னது மனசை மட்டுமல்ல. லோறன்ஸுக்குப் பல வருடமாக நீரிழிவு. இன்சுலின் போடுகிறவன். கால் பாதங்களில் உணர்ச்சி குறைந்துகொண்டு வந்தது. மன்னர் எக்பெர்ட்டின் குடிமகன் ஆன கையோடு அவன் தன் மருத்துவக் காப்புறுதி அட்டையைக் கத்தரியால் வெட்டிக் குப்பையில் போட்டான். ராச்சியத்தின் மருத்துவ நிதி ஏதோ துளி மருந்து அனுப்பியது. சின்னப் போத்தலில், ஓக் இலை படம் போட்டு. அதைக் குடித்துக்கொண்டு இன்சுலினைப் பாதியாகக் குறைத்தான்.

2024இன் வசந்தத்தில், ஒரு நிலவறையில் வேலை செய்துகொண்டிருந்தபோது சப்பாத்தின் அடி துளைத்து ஒரு திருகாணி உள்ளங்காலில் ஏறியது. அவனுக்குத் தெரியவில்லை. நாள் முழுக்க அதோடேயே நடந்திருக்கிறான். வீட்டுக்கு வந்து சப்பாத்தைக் கழற்றியபோது காலுறை சிவப்பாக இருந்ததை மீராதான் கண்டாள். அவளுக்கு அப்போது பதினாறு வயது.

புண் ஆறவில்லை. டொக்டரிடம் வாருங்கோ என்று சுபானி கெஞ்சினாள், கோபப்பட்டாள், பேசாமல் இருந்து பார்த்தாள். இல்லாத அரசின் டொக்டரிடம் தனக்கு அலுவல் இல்லை என்றான் அவன்.

அப்போதுதான் அவளுக்கு அந்த யோசனை வந்தது. லோறன்ஸ் யார் சொன்னால் கேட்பான்? அரசர் சொன்னால் கேட்பான். உண்மையான அரச குடும்பம் ஒன்று அவனுடைய ஊரிலேயே இருக்கிறது. ஒரு நாள் லீவு எடுத்துக்கொண்டு, இரயிலும் பஸ்ஸுமாக மாறி, ஹோகன்லவுட்டர் கோட்டைக்குப் போனாள்.

கோட்டையின் முன்பக்கம் அருங்காட்சியகம். இளவரசரைப் பார்க்க வேணும் என்று நுழைவுச்சீட்டுக் கொடுக்கிற பெண்ணிடம் சொன்னதும், மர வியாபார அலுவலகம் பின்பக்கம் என்று அவள் கைகாட்டினாள். அங்கே கம்பளிச் சட்டையோடு ஒரு அறுபது வயதுக்காரர், தாள் சிக்கிய பிரிண்டரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். அவர்தான் ஆல்பிறெக்ட். ஜேர்மனியில் பட்டங்களை ஒழித்த பிறகு இளவரசர் என்ற சொல் அவர்களுடைய குடும்பப் பெயரில் ஒரு துண்டாக மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

“உங்களை எப்பிடிக் கூப்பிடுறது எண்டு எனக்குத் தெரியாது,” என்றாள் சுபானி.

“ஹோகன்லவுட்டர் எண்டு கூப்பிடுங்கோ. இருங்கோ.”

அவள் எல்லாவற்றையும் சொன்னாள். பூட்டனின் படம், எக்பெர்ட், வெட்டிய அட்டை, கால். அவர் குறுக்கிடாமல் கேட்டார்.

“எனக்கு இப்பிடிக் கடிதங்கள் வாறதுதான்,” என்றார் பிறகு. “திரும்பி ஆட்சிக்கு வாங்கோ எண்டு எழுதுவினம். ஒருத்தர் பித்தளையில முடி ஒண்டு செய்துகொண்டு வந்தவர். வேண்டாம் எண்டால் மனம் நோகும் எண்டு வாங்கி வைச்சன். அந்த அலுமாரிக்குள்ள கிடக்குது.”

“நீங்கள் சொன்னால் அவர் டொக்டரிட்டைப் போவார்.”

“நான் ஆர் சொல்லுறதுக்கு? நான் மரம் விக்கிறவன்.”

“அது எனக்குத் தெரியும். அவருக்குத் தெரியாது.”

அவர் பிரிண்டரில் சிக்கிய தாளை இழுத்து எடுத்தார். பிறகு, “சனிக்கிழமை வரலாமோ?” என்றார்.

சனிக்கிழமை வந்தார். காலையில்தான் சுபானி லோறன்ஸுக்குச் சொன்னாள். அவன் நம்பவில்லை, பிறகு எழுந்து, கலியாணத்துக்குப் போட்ட கோட்டைத் தேடி எடுத்தான். அது அவனுக்கு இப்போது தொளதொளத்தது. புண் காலை ஒரு அகலமான செருப்புக்குள் நுழைத்துக்கொண்டு கதவடியில் நின்றான். ஆல்பிறெக்ட் உள்ளே வந்ததும் இடுப்பை வளைத்து வணங்கினான். அவர் சங்கடப்பட்டு அவனுடைய கையைப் பிடித்துக் குலுக்கினார். மேசையில் சுபானி பற்றிஸ் பொரித்து வைத்திருந்தாள். மீரா தன் அறை வாசலில் நின்று பார்த்தாள்.

ஆல்பிறெக்ட் பூட்டனின் படத்தைப் பார்த்தார். பிறகு நேரே விஷயத்துக்கு வந்தார்.

“உங்களுக்கு ஒரு கதை சொல்லுறன். 1918இல என்ர பூட்டனார் அந்தக் கோட்டையில இருந்தவர். முடியாட்சி முடிஞ்சுது எண்டு தந்தி வந்தது. வாசிச்சிட்டு இராச்சாப்பாடு சாப்பிட்டவராம். ஒருத்தரும் எங்களைத் துரத்த வரேல்லை. அடுத்த நாள் வனக்காவலரைக் கூப்பிட்டுக் குளிருக்கு விறகு இருக்கோ எண்டு கேட்டவராம். அவ்வளவுதான். அது முடிஞ்சு போச்சு, லோறன்ஸ். முடிஞ்ச பிறகும் நாங்கள் நூறு வருசமாய்ச் சீவிக்கிறம். ஒண்டும் குறைஞ்சு போகேல்லை.”

லோறன்ஸ் மெல்லக் கேட்டான்: “அவர் கையெழுத்து வைச்சவரோ?”

“எதில?”

“உரிமையை விட்டுக் குடுக்கிறன் எண்டு.”

“இல்லை. ஒருத்தரும் கேக்கேல்லையே.”

“அப்ப அவர் விட்டுக் குடுக்கேல்லை,” என்றான் லோறன்ஸ். அவனுடைய முகம் மலர்ந்ததாம். பல மாதங்களாக அவள் காணாத மலர்ச்சி. ஆல்பிறெக்ட் சுபானியைப் பார்த்தார். தான் திறக்க வந்த கதவைத் தன் கையாலேயே பூட்டிவிட்டதை அவரும் விளங்கிக்கொண்டார்.

அவர் முயற்சியை விடவில்லை. “சரி, அப்பிடியே வைச்சுக்கொள்ளுங்கோ. அப்ப நான் சொல்லுறதை நீங்கள் கேக்க வேணும். திங்கட்கிழமை டொக்டரிட்டைப் போங்கோ. இது என்ர கட்டளை.”

“உத்தரவு,” என்றான் லோறன்ஸ், கோட்டின் பொத்தானைப் பூட்டிக்கொண்டு.

திங்கட்கிழமை போனான். செலவைச் சுபானி பார்த்துக்கொண்டாள். டொக்டர் கறுத்த தசையை வெட்டி எடுத்துக் கட்டுப் போட்டார். வைத்தியசாலையில் தங்க வேண்டும் என்றார். லோறன்ஸ் அதற்குச் சம்மதிக்கவில்லை, ஆனால் கட்டு மாற்ற ஒழுங்காகப் போனான். இன்சுலினும் பழைய அளவுக்குப் போட்டான். அந்த ஒரு கிழமை சுபானி ட்ராம் ஓட்டும்போது தன்னை அறியாமல் பாட்டு முணுமுணுத்ததாகச் சொன்னாள்.

பிறகு ஐக்கன்லாண்டிலிருந்து தொலைபேசி வந்தது. நடந்ததை லோறன்ஸே பெருமையாக அவர்களுக்கு எழுதியிருக்கிறான். ஹோகன்லவுட்டர் குடும்பம் குடியரசோடு சமரசம் செய்து காட்டைக் காப்பாற்றிக்கொண்ட குடும்பம், முடிக்கு உரிமை கோராதவருக்குக் கட்டளையிட உரிமை இல்லை என்று மன்னர் எக்பெர்ட்டே நேரடியாகப் பேசினார். அதோடு இன்னொன்றும் சொன்னார். கட்டடத்தின் பழைய ஹைசுங் நின்றுபோய்விட்டது; குளிருக்கு முதல் திருத்த ராச்சியத்துக்கு ஆள் வேண்டும்.

அடுத்த நாள் சுபானி வேலை முடிந்து வந்தபோது வான் இல்லை. பூட்டனின் படம் தொங்கிய இடத்தில் ஆணி மட்டும் இருந்தது.

கோடை முழுவதும் அவன் தொலைபேசியில் நன்றாக இருக்கிறேன் என்றுதான் சொன்னான். செப்டெம்பரில் குரல் மாறியது. சொற்கள் குழறின. சுபானி மீராவையும் கூட்டிக்கொண்டு காரில் போனாள்.

படலையில் பச்சைச் சீருடை போட்ட ஒருவன் நின்றான். வெளிநாட்டவர் உள்ளே போக விசா வேண்டும் என்றான்.

“நான் ஜேர்மன்காரி,” என்றாள் சுபானி.

“அதுதான் சொல்லுறன். இஞ்ச அது வெளிநாடு.”

அவளுடைய பாஸ்போர்ட்டில் முத்திரை குத்தப் போனான். அவள் பாஸ்போர்ட்டைக் கொடுக்கவில்லை. மீரா தன் பள்ளிக்கூடக் கொப்பியில் ஒரு தாளைக் கிழித்து நீட்டினாள், அதில் குத்தினான்.

லோறன்ஸ் நிலவறையில், பொய்லருக்குப் பக்கத்தில், மெத்தையில் கிடந்தான். சூடாக இருக்கும் என்று தானே அங்கே போனானாம். பொய்லரைத் திருத்தி முடித்திருந்தான். அது சீராக உறுமிக்கொண்டிருந்தது. சுவரில் குழாய்களுக்கு நடுவே பூட்டனின் படம். காலைச் சுற்றி முட்டைக்கோவா இலையும் களிமண்ணும் வைத்துக் கட்டியிருந்தார்கள்.

மீரா வாசலிலேயே நின்றுவிட்டாள். “அப்பா, மணக்குது,” என்றாள். அப்பாவோடு அவள் எப்போதும் பேசுவது ஜேர்மன். அன்றைக்குத் தமிழில்தான் சொன்னாள். அவன் விளங்காதது போலச் சிரித்தான்.

சுபானி அம்புலன்ஸை அழைத்தாள். வந்தவர்கள் அவனோடு பேசினார்கள். இன்று என்ன நாள், எங்கே இருக்கிறீர்கள் என்று கேட்டார்கள். எல்லாவற்றுக்கும் சரியாகப் பதில் சொன்னான். வர மாட்டேன் என்றும் தெளிவாகச் சொன்னான். நினைவு தெளிவாக உள்ளவரைத் தூக்கிக்கொண்டு போக எங்களுக்கு அதிகாரமில்லை என்றான் அம்புலன்ஸ்காரன், அவளுடைய முகத்தைப் பார்க்காமல்.

அப்போது மன்னர் எக்பெர்ட் படியிறங்கி வந்தார். சுபானிக்குத் தலை குனிந்து வணக்கம் சொன்னார். மென்மையான குரல்.

“எங்கட ராச்சியத்தில ஒவ்வொருத்தரும் சுதந்திரமாய் முடிவெடுக்கலாம், அம்மணி.”

“அவருக்குக் கால் அழுகுது. நீங்கள் போ எண்டு ஒரு சொல் சொன்னால் போவார்.”

“நான் அப்பிடிச் சொல்லுறது அவற்ற சுதந்திரத்தில தலையிடுறது.”

லோறன்ஸ் மெத்தையிலிருந்து எழுந்து உட்கார முயன்றான். மன்னர் நிற்கும்போது படுத்திருக்கக் கூடாது என்று. அதைக் கண்ட பிறகு தனக்கு அழ வரவில்லை என்றாள் சுபானி. அழுகை அந்த இடத்தில் நின்றுவிட்டது.

அவர்கள் வீடு திரும்பிய சில நாட்களில் அவன் நினைவிழந்தான். அங்கே சமையல் செய்த பெண் ஒருத்தி, யாரையும் கேட்காமல், வைத்தியசாலைக்கு அறிவித்தாள். அவளை அதற்காக ராச்சியத்திலிருந்து நீக்கினார்களாம். முழங்காலுக்குக் கீழே வெட்டவேண்டும், இன்றைக்கே, என்று வைத்தியசாலையிலிருந்து சுபானியை அழைத்தார்கள். அவசரத்தில் மனைவி முடிவெடுக்கச் சட்டம் இடம் கொடுக்கிறது. அவள் சம்மதித்தாள்.

கண் விழித்தபோது லோறன்ஸ் முதலில் கேட்டது: “ஆர் கையெழுத்து வைச்சது?”

“நான்.”

“உமக்கு அந்த உரிமை இல்லை, சுபா.”

அதைச் சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டான்.

குளிர் தொடங்கும்போது அவனை வீட்டுக்குக் கொண்டுவந்தாள். நவம்பரில் பொலிஸ் ஐக்கன்லாண்டுக்குள் புகுந்தது. ராச்சியத்தைத் தடை செய்தார்கள். எக்பெர்ட்டைக் கைது செய்தார்கள். அதற்குப் பிறகு பத்திரிகையில் ஒரு செய்தி வந்தது. மன்னர் தன்னுடைய ஜேர்மன் பாஸ்போர்ட்டை ஒருபோதும் திருப்பிக் கொடுக்கவில்லை. மருத்துவக் காப்புறுதியும் விடாமல் வைத்திருந்தார். முந்திய வருடம் நல்லதொரு வைத்தியசாலையில் இருதயத்துக்கு வைத்தியம் செய்துகொண்டார். மீரா அந்தப் பத்திரிகையை அப்பாவின் போர்வையில் வைத்தாள். வாசித்து முடிக்கும் வரை பக்கத்தில் நின்றாள்.

லோறன்ஸ் அதை மடித்து வைத்தான். “ராசா உயிரோட இருக்க வேணும்தானே,” என்றான்.

மீரா அறையை விட்டு வெளியே போனாள். அதற்குப் பிறகு அவள் அவனோடு அதிகம் பேசவில்லை. கோப்பி கொண்டுபோய் வைப்பாள், சக்கர நாற்காலியைத் தள்ளுவாள், கேட்டதற்குப் பதில் சொல்வாள். சுபானிக்கும் அவளைக் கண்டிக்க மனம் வரவில்லை.

மாசியில் காய்ச்சல் திரும்பி வந்தது. வெட்டிய இடத்துக்கு மேலே சீழ். ஸ்டுட்கார்ட் டொக்டர்கள், தொடையோடு வெட்டினால் பிழைக்க வழி உண்டு என்றார்கள். இந்த முறை லோறன்ஸ் முழு நினைவோடு இருந்தான். வேண்டாம் என்றான். டொக்டர் இரண்டு முறை விளக்கினார். மனநல டொக்டரும் வந்து பேசினார். தனக்கு எல்லாம் விளங்குகிறது, வேண்டாம் என்று எழுதிக் கையெழுத்து வைத்தான்.

“உங்கட ராசா இல்லை இப்ப,” என்றாள் சுபானி. “ராச்சியமும் இல்லை. இனி ஆருக்காக?”

“ஒருத்தருக்காகவும் இல்லை,” என்றான். “நான் எல்லாத்தையும் திருப்பிக் குடுத்திட்டன். இனித் திருப்பி வாங்க எனக்கு வெக்கமாய்க் கிடக்குது.”

இத்தனை வருடத்தில் அவன் தன்னிடம் சொன்ன ஒரே உண்மை அதுதான் என்று சுபானி நினைக்கிறாள். அதற்கு முன்பே சொல்லியிருந்தால் ஏதாவது செய்திருக்கலாமே என்றும் நினைக்கிறாள். வெட்கம்தான் காரணம் என்று தெரிந்திருந்தால் இளவரசரிடம் போயிருக்க மாட்டாள். தானே அந்தச் செருப்பைக் கழற்றி, அவனுடைய காலைக் கையில் எடுத்திருப்பாள்.

கடைசி நாட்களில் அவள் லீவு எடுத்துக்கொண்டு பக்கத்தில் இருந்தாள். கரண்டியால் தண்ணீர் பருக்கினாள். ஒரு மத்தியானம், இன்னொரு கரண்டி நீட்டியபோது, “காணும்,” என்றான். அவளுடைய தாய் இலை நிறையச் சோறு போட்ட காலத்தில், போதும் என்று சொல்லித் தப்பிப்பதற்காக அவன் முதலில் பழகிய தமிழ்ச் சொல் அது. அதற்குப் பிறகு பேசவில்லை. மறுநாள் காலை போனான்.

அடக்கத்துக்குக் கொஞ்சப் பேர்தான். கமலநாயகி அக்கா பிராங்பேர்ட்டிலிருந்து வந்தாள். ஆல்பிறெக்ட் கறுப்புக் கோட்டோடு வந்து பின்னால் நின்றார். ஐக்கன்லாண்டில் இருந்த இரண்டு பேரும் வந்திருந்தார்கள், மடித்த கொடியொன்றோடு. பெட்டியின் மேல் விரிக்க வேண்டும், இது அவருடைய விருப்பம் என்றார்கள்.

“நீங்கள் நிக்கலாம்,” என்றாள் சுபானி. “கொடி வேண்டாம்.”

அவர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். பிறகு மூத்தவர் கொடியைத் தன் கோட்டுக்குள் வைத்துக்கொண்டார். நின்றார்கள். அவர் அழுதார். அந்த ஆளும் ஏதோ ஒரு காப்புறுதி அட்டையை வெட்டியிருப்பார் என்று அவளுக்குத் தோன்றியது. அவரோடு கோபிக்க முடியவில்லை.

அந்த இலையுதிர்காலத்தில் எக்பெர்ட்டின் வழக்குக்குச் சாட்சி சொல்லச் சுபானியை அழைத்தார்கள். அனுமதியில்லாமல் காப்புறுதி நடத்தியது, ஆபத்தில் இருந்தவருக்கு உதவாமல் விட்டது என்று குற்றச்சாட்டுகள். மீரா வர மறுத்துவிட்டாள். சுபானி தனியாக இரயிலில் போனாள். வழி முழுவதும், அந்த மனிதனைக் கண்டால் என்ன செய்வேன் என்று பயந்துகொண்டே போனாள். உள்ளே போய்ப் பார்த்தால், தடிமன் பிடித்த ஒரு கிழவன் மூக்கைச் சிந்திக்கொண்டு உட்கார்ந்திருந்தான். அவளைக் கண்டதும் பழையபடி தலை குனிந்து வணக்கம் சொன்னான்.

எக்பெர்ட்டின் வழக்கறிஞர் அவளிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். “உங்கட கணவரை ஆராவது கட்டாயப்படுத்தினவையோ?”

“இல்லை,” என்றாள் சுபானி.

அவர் நன்றி சொல்லி உட்காரப் போனார். அவள் பேச்சை நிறுத்தவில்லை.

“ஒருத்தரும் கட்டாயப்படுத்தேல்லை. பொய்லர் திருத்த அவர் தேவைப்பட்டவர். திருத்தி முடிச்ச பிறகு, வீட்டுக்குப் போ எண்டு சொல்லவும் ஒருத்தரும் இருக்கேல்லை.”

நீதிபதி அதை எழுதிக்கொள்ளச் சொன்னார். பிறகு அவளைப் போகலாம் என்றார்.

வெளியே வந்து, ஸ்டேஷனில் ஒரு ரொட்டி வாங்கிக்கொண்டு நீள இருக்கையில் உட்கார்ந்து சாப்பிட்டாள். கோபம் வரும் என்று நினைத்தாளாம்; பசிதான் வந்தது. வழக்கு இன்னும் முடியவில்லை. விளக்கமறியல் சிறையில் இருந்தபடி எக்பெர்ட் இப்போதும் அரச ஆணைகள் எழுதுவதாகவும், அவற்றை வாசிக்க ஆட்கள் இருப்பதாகவும் பத்திரிகையில் போட்டிருந்தார்கள்.

“வாசிக்கிறவைக்கும் வீட்டில ஆராவது இருப்பினம்தானே,” என்றாள் சுபானி. பிறகு நேரத்தைப் பார்த்துவிட்டு, தன்னுடைய ட்ராமை எடுக்கப் போனாள்.